டெலிபோன் பில் பாக்கி: நோட்டீஸ் முதல் ஜப்தி வரை

வாசகர் கேள்விகள், நமது சட்டக் குழுவின் பதில்கள்

லேண்ட்லைன், போஸ்ட்பெய்டு, பிராட்பேண்ட் பில் பாக்கி பற்றி வந்த கேள்விகளை மட்டும் இந்த இதழுக்கு எடுத்துக்கொண்டோம். பாக்கி வைத்தவர்களும் எழுதியிருக்கிறார்கள், பாக்கி வசூலாகாமல் தவிப்பவர்களும் எழுதியிருக்கிறார்கள்.

கேள்வி: சரண்டர் செய்யாமல் விட்ட லேண்ட்லைனுக்கு ரூ.3,870 பாக்கி என்று 'தேசிய மக்கள் நீதிமன்றம்' என்ற தலைப்பில் நோட்டீஸ் வந்திருக்கிறது. தேதி, நேரம் எல்லாம் போட்டிருக்கிறது. போகாவிட்டால் வாரண்ட் வருமா? (வாசகர், ஈரோடு)

வராது. உங்கள் கையில் இருப்பது சம்மன் அல்ல. உங்கள் மீது இன்னும் வழக்கே போடப்படவில்லை. வழக்குப் போடுவதற்கு முன்பே பேசி முடித்துக்கொள்ளலாமா என்று கேட்டு, மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழு வழியாக அந்த நிறுவனம் அனுப்பிய அழைப்பு அது. முத்திரையும் நீதிமன்ற முகவரியும் இருப்பதால் பலரும் பயந்துபோய், போன் செய்து கேட்ட தொகையை அப்படியே கட்டிவிடுகிறார்கள்.

மக்கள் நீதிமன்றத்துக்கு உங்கள் சம்மதம் இல்லாமல் எதையும் தீர்மானிக்கும் அதிகாரம் இல்லை. பஞ்சாப் அரசு எதிர் ஜலூர் சிங் வழக்கில் 2008-லேயே உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. நீங்கள் போகாவிட்டால், சமரசம் ஆகவில்லை என்று குறித்து அனுப்பிவிடுவார்கள். அதன் பிறகு நிறுவனம் வேண்டுமானால் உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குப் போடலாம்.

ஆனால் நோட்டீஸின் தலைப்பை இன்னொரு முறை படியுங்கள். 'நிரந்தர மக்கள் நீதிமன்றம்' என்று இருந்தால் கதை வேறு. சட்டப் பணிகள் ஆணைக்குழுக்கள் சட்டம் 1987-இன் 22-ஏ பிரிவு, தொலைபேசிச் சேவையைப் பொதுப் பயன்பாட்டுச் சேவை என்று பட்டியலிட்டிருக்கிறது. ஒரு கோடி ரூபாய் வரையிலான தகராறுகள் அங்கே போகலாம். முதலில் சமரசம் பேசுவார்கள். அது முறிந்தால், 22-சி பிரிவின் கீழ் அந்த அமர்வே தகராறைத் தீர்மானித்துவிட முடியும், அதற்கு அப்பீல் கிடையாது. நீங்கள் வராமல் இருந்தாலும் சமரச நடைமுறைகளை முடித்துவிட்டு அவர்கள் மேலே போகலாம். அந்த நோட்டீஸை அலட்சியப்படுத்தக் கூடாது.

உங்களுக்கு வந்த சாதாரண மக்கள் நீதிமன்றத்துக்குப் போவதில் நஷ்டம் இல்லை. தாமதக் கட்டணத்தை முழுதாகவும் அசலில் ஒரு பகுதியையும் தள்ளுபடி செய்யும் அதிகாரத்தோடுதான் நிறுவன அதிகாரிகள் பெரும்பாலும் வருகிறார்கள். கையெழுத்துப் போடுமுன் சில விஷயங்களைக் கேட்டு எழுதி வாங்குங்கள். செக்யூரிட்டி டெபாசிட் கழிக்கப்பட்டதா? லைன் துண்டிக்கப்பட்ட பிறகும் மாத வாடகை ஏறிக்கொண்டே போயிருக்கிறதா? மோடத்தைத் திருப்பிக் கொடுத்திருந்தால் அதற்கும் விலை போட்டிருக்கிறார்களா? கட்டியதும் பாக்கியில்லாச் சான்று தருவார்களா? அங்கே போடும் கையெழுத்து சாதாரணக் கையெழுத்து இல்லை. அந்தத் தீர்வாணை கோர்ட் தீர்ப்பாணைக்குச் சமம். தவணை தவறினால் வழக்கு எதுவும் போடாமல், ஜப்தி போன்ற வழிகளில் வசூலிக்கக் கேட்கும் நிறைவேற்று மனுவுக்கே நேராகப் போய்விடுவார்கள். எனவே கட்ட முடிந்த தவணைக்கு மட்டும் ஒப்புக்கொள்ளுங்கள். அதற்கும் முன்னால், அடுத்த பதிலைப் படித்து பில் தேதிகளைச் சரிபாருங்கள். நீங்கள் லைனை விட்டு எத்தனை வருடம் ஆகிறது என்பதைப் பொறுத்து பேச்சே மாறும்.

கேள்வி: 2018-இல் சேவையை நிறுத்திய ஒரு மொபைல் நிறுவனத்தின் போஸ்ட்பெய்டு பில் ரூ.6,200 பாக்கி என்று இப்போது ஒரு ஏஜென்சி தினமும் அழைக்கிறது. 'பாதி கட்டினால் முடித்துவிடுகிறோம், முதலில் ரூ.500 மட்டும் அனுப்புங்கள்' என்கிறார்கள். கட்டலாமா? (வாசகர், தஞ்சாவூர்)

கட்ட வேண்டிய சட்டக் கட்டாயம் இல்லை. பில் பாக்கிக்கு வழக்குப் போட காலவரம்புச் சட்டம் 1963 தரும் அவகாசம் மூன்று வருடம். ஒவ்வொரு பில்லுக்கும் அதனதன் கடைசித் தேதியிலிருந்து தனித்தனியாக அது ஓடும். அடுத்த பில்லில் 'முந்தைய பாக்கி' என்று அச்சடித்துக்கொண்டே போனாலும் காலம் நீளாது. அது கடன் கொடுத்தவர் தாமே எழுதிக்கொண்ட கணக்கு. கடனாளியின் கையெழுத்து இருந்தால்தான் நீளும்.

கோவிட் காலத்துக்காக 15.3.2020 முதல் 28.2.2022 வரையிலான நாட்களை உச்ச நீதிமன்றம் கணக்கிலிருந்து நீக்கியது. ஏஜென்சிகள் இதைச் சொல்லித்தான் மிரட்டுவார்கள். அதையும் சேர்த்தே பார்ப்போம். 2018 பிப்ரவரியில் கட்ட வேண்டிய பில்லுக்கு 2021 பிப்ரவரியில் காலம் முடிய வேண்டும். 15.3.2020 அன்று மீதி இருந்தது சுமார் பதினோரு மாதம். அது 1.3.2022 முதல் மீண்டும் ஓடினாலும் 2023 பிப்ரவரியோடு தீர்ந்துவிட்டது. அதற்குள் வழக்குப் போட்டிருந்தால் உங்களுக்கு சம்மன் வந்திருக்க வேண்டும்.

இப்போது அந்த ரூ.500 விஷயம். காலவரம்புச் சட்டத்தின் 19-வது பிரிவுப்படி, பகுதித் தொகை கட்டினால் புதிதாக மூன்று வருடம் ஓடும். ஆனால் அந்தத் தொகை காலம் முடிவதற்கு முன்பே கட்டப்பட்டு, அது கட்டியவர் கைப்பட எழுதிய அல்லது கையெழுத்திட்ட பதிவிலும் இருக்க வேண்டும். காலம் முடிந்த பிறகு கட்டிய ஐந்நூறு, செத்த கடனுக்கு உயிர் கொடுக்காது. அப்படியானால் ஏன் கேட்கிறார்கள்? ஐந்நூறு வாங்கியதும் 'செட்டில்மெண்ட் கடிதம்' என்று ஒன்றை அனுப்பி, மீதியைத் தருவதாகக் கையெழுத்துக் கேட்பார்கள். அதில்தான் ஆபத்து. காலாவதியான கடனைத் தருவதாக எழுதிக் கையெழுத்திட்டால், ஒப்பந்தச் சட்டத்தின் 25(3) பிரிவுப்படி அது புது ஒப்பந்தம். அதை வைத்து வழக்குப் போடலாம். மெயிலில் 'சரி, அடுத்த மாதம் தருகிறேன்' என்று எழுதுவதையும் தவிர்த்துவிடுங்கள்.

காலவரம்பு கடனை அழிப்பதில்லை, கோர்ட் கதவை மட்டும் மூடுகிறது. எனவே உங்கள் கடன் வரலாற்று அறிக்கையில் அந்தப் பாக்கி பதிவாகியிருக்க வாய்ப்புண்டு. சிபில், எக்ஸ்பீரியன், ஈக்விஃபாக்ஸ், கிரிஃப் ஹைமார்க் ஆகிய நான்கிலும் வருடத்துக்கு ஒரு முழு அறிக்கை இலவசம். வீட்டுக்கடன் வாங்கும் எண்ணம் இருந்தால் எடுத்துப் பாருங்கள். அங்கே அது உறுத்தினால், பாக்கியில்லாச் சான்று தருவதாக முதலில் எழுதி வாங்கிக்கொண்டு, பணத்தை ஒரே தடவையாகக் கட்டி முடிக்கலாம். அதுவும் நிறுவனத்தின் அல்லது அதன் கலைப்பாளரின் வங்கிக் கணக்குக்கே போக வேண்டும், ஏஜென்ட்டின் சொந்த யூபிஐ எண்ணுக்கு அல்ல.

கேள்வி: எம்.என்.பி. மூலம் வேறு நிறுவனத்துக்கு மாறி இரண்டு மாதம் ஆகிறது. பழைய நிறுவனத்தின் கடைசி பில்லைக் கட்டவில்லை. புது நிறுவனம் 'பழைய பாக்கியைக் கட்டாவிட்டால் உங்கள் எண் துண்டிக்கப்படும்' என்று எஸ்.எம்.எஸ். அனுப்புகிறது. புது நிறுவனத்துக்கு நான் ஒழுங்காகக் கட்டுகிறேனே? (வாசகி, மதுரை)

செய்யலாம். எண்ணை வைத்துக்கொண்டே நிறுவனம் மாறும் எம்.என்.பி. விதிகளிலேயே துண்டிக்க வழி இருக்கிறது. போர்ட் கோரிக்கை கொடுக்கும்போது கடைசித் தேதி தாண்டிய பில் இருந்தால் கோரிக்கையே நிராகரிக்கப்படும். உங்கள் விஷயத்தில், கோரிக்கை கொடுத்த நாளில் அப்படி எதுவும் இருந்திருக்காது. கடைசி பில் பிறகு வந்திருக்கும். அதைக் கட்டாவிட்டால், பாக்கிக்காகத் துண்டிக்கும்படி பழைய நிறுவனம் புது நிறுவனத்திடம் கேட்கலாம். புது நிறுவனம் உங்களுக்குத் தகவல் சொல்லிவிட்டுத் துண்டிக்கும்.

பழைய எண்ணின் ஆப் இப்போது திறக்காது என்பதால் பலருக்கு அந்த பில் கண்ணிலேயே படுவதில்லை. பழைய நிறுவனத்தின் இணையதளத்தில் 'லாகின் இல்லாமல் பில் கட்ட' என்ற பகுதியில் எண்ணைப் போட்டால் பெரும்பாலும் தெரியும். கட்டிய ரசீதை இரண்டு நிறுவனங்களுக்கும் அனுப்புங்கள். பணம் வந்த தகவல் தானாகப் போய்ச் சேரும் என்று நம்பி உட்கார்ந்திருக்க வேண்டாம்.

கேள்வி: மாதம் ரூ.499 பிளானில் இருக்கிறேன். ஒரே மாதத்தில் ரூ.18,400 பில் வந்தது, சர்வதேச ரோமிங் என்கிறார்கள். நான் நாட்டை விட்டே போகவில்லை. கட்ட மறுத்தேன். இப்போது வக்கீல் நோட்டீஸ். என்ன செய்வது? (வாசகர், கோயம்புத்தூர்)

மூன்று வேலைகளை ஒரே சமயத்தில் செய்ய வேண்டும்.

முதலில், சந்தேகமில்லாத தொகையைக் கட்டிவிடுங்கள். ரூ.499-ம் அதற்கான ஜி.எஸ்.டி.யும் உங்கள் கடன்தான். முழுவதையும் நிறுத்தி வைத்தால் 'கட்டவே மனமில்லாதவர்' என்ற தோற்றம் கோர்ட்டில் வரும். கட்டும்போதே, மீதித் தொகையை மறுக்கிறேன் என்று மெயிலில் எழுதிவிடுங்கள்.

இரண்டாவது, புகார். வாடிக்கையாளர் சேவையில் புகார் கொடுத்து டாக்கெட் எண் வாங்குங்கள். எண் இல்லாத புகார், புகாரே அல்ல. பதில் திருப்தி தராவிட்டால் 30 நாளுக்குள் அதே நிறுவனத்தின் மேல்முறையீட்டு அதிகாரியிடம் போகலாம். தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான ட்ராயின் 2012 விதிமுறைப்படி அவர் 39 நாளில் முடிவு சொல்ல வேண்டும். கட்டணம் இல்லை. புகாரில் 'விவரமான அழைப்புப் பட்டியல் தருக' என்று கேளுங்கள். எந்த நாட்டு நெட்வொர்க், எந்த நேரம், எத்தனை எம்.பி. என்று அதில் இருக்கும். கடல் ஓரமும் எல்லையோரமும் பக்கத்து நாட்டு டவரைப் போன் பிடித்துக்கொண்டு ரோமிங் ஓடுவது நடக்கும் காரியம்தான். கோயம்புத்தூரில் அந்தக் காரணம் செல்லாது. அந்தத் தேதியில் நீங்கள் ஊரில் இருந்ததற்கு அலுவலக வருகைப் பதிவு, ஏ.டி.எம். பரிவர்த்தனை, முத்திரை இல்லாத பாஸ்போர்ட் ஆகியவை சான்று.

இதில் அவசரம் ஏன் என்றால், அழைப்புப் பதிவுகளை நிறுவனங்கள் குறைந்தது இரண்டு வருடம் வைத்திருக்க வேண்டும் என்பதுதான் உரிமத்தின் நிபந்தனை. 2021 டிசம்பர் வரை அது ஒரே வருடமாக இருந்தது. வழக்குப் போட அவகாசமோ மூன்று வருடம். மூன்றாவது வருடத்தில் வழக்குப் போடும் நிறுவனத்திடம் பில் இருக்கும், பில்லுக்கு அடியில் இருக்கும் பதிவு இல்லாமல் போகலாம். அது அவர்களுக்குச் சிக்கல். ஆனால் உங்களைக் காப்பாற்றக்கூடிய பதிவும் அதோடு போய்விடும். எனவே எழுத்தில் கேட்டு, 'தகராறு இருப்பதால் அழிக்காமல் வைத்திருக்கவும்' என்று ஒரு வரி சேருங்கள்.

மூன்றாவது, வக்கீல் நோட்டீஸுக்குப் பதில். நோட்டீஸில் குறித்த நாளுக்குள், ஒப்புகை அட்டையோடு பதிவுத் தபாலில் அனுப்புங்கள். நான்கு பத்தி போதும்: இணைப்பு உங்களுடையது என்பது, ஒப்புக்கொண்டு கட்டிய தொகை, மறுக்கும் தொகையும் காரணமும், டாக்கெட் எண்ணும் தேதியும். கோபத்தில் 'உங்கள் பணத்தைத் தருகிறேன், ஆனால்...' என்று ஆரம்பிக்க வேண்டாம். அந்த ஒரு வரியை ஒப்புதலாக எடுத்துக் காட்டுவார்கள்.

இதற்குப் பிறகும் தீரவில்லை என்றால் மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையம். தந்திச் சட்டத்தின் 7-பி பிரிவில் நடுவர் தீர்வு இருப்பதால் நுகர்வோர் மன்றம் டெலிபோன் வழக்கை எடுக்க முடியாது என்று 2009-இல் ஒரு தீர்ப்பு இருந்தது. இன்றும் சில நிறுவன வக்கீல்கள் அதை நீட்டுகிறார்கள். வோடபோன் ஐடியா எதிர் அஜய் குமார் அகர்வால் வழக்கில் 16.2.2022 அன்று உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு, நுகர்வோர் ஆணையத்துக்கு அதிகாரம் உண்டு என்று தீர்த்துவிட்டது. செலுத்திய கட்டணம் ஐந்து லட்சத்துக்குள் என்றால் மனுவுக்குக் கட்டணம் இல்லை. பிரச்சினை எழுந்த நாளிலிருந்து இரண்டு வருடத்துக்குள் போட வேண்டும். இது வாடிக்கையாளருக்கு மட்டுமான கதவு. பாக்கி வசூலுக்காக நிறுவனம் அங்கே வர முடியாது. தொலைத்தொடர்புத் தகராறுகளுக்கான டி.டி.சாட். தீர்ப்பாயத்துக்கும் தனி வாடிக்கையாளரை இழுக்க முடியாது. அவர்களுக்கு உரிமையியல் நீதிமன்றமும் மக்கள் நீதிமன்றங்களும்தான்.

கேள்வி: சிற்றூரில் பிராட்பேண்ட் பிரான்சைஸ் நடத்துகிறேன். முப்பது நாற்பது வீடுகளில் ரூ.2,000 முதல் ரூ.6,000 வரை பாக்கி. ஒரு தனியார் மருத்துவமனை மட்டும் ரூ.1.4 லட்சம் தர வேண்டும். ஓ.என்.டி. (ஃபைபர் மோடம்) பெட்டிகளையும் திருப்பித் தர மறுக்கிறார்கள். எப்படி வசூலிப்பது? (வாசகர், தேனி மாவட்டம்)

வழக்குப் போடுவதற்கு முன் ஒரு கேள்வி: கடன் யாருக்கு? பில் கம்பெனி பெயரில் போய், உங்களுக்குப் பங்குத் தொகை மட்டும் வருகிறது என்றால் கடன் கொடுத்தவர் கம்பெனிதான். உங்கள் பெயரில் வழக்குப் போட்டால் முதல் வாய்தாவிலேயே ஆட்சேபம் வரும். கம்பெனியிடம் அதிகாரப் பத்திரம் வாங்கி அவர்கள் பெயரிலேயே போடலாம். அல்லது அந்தப் பாக்கியை உங்கள் பெயருக்கு எழுத்து மூலம் மாற்றி வாங்கி, வாடிக்கையாளருக்கும் அறிவிப்புக் கொடுத்துவிட்டுப் போடலாம். பில் புத்தகம் உங்கள் ஜி.எஸ்.டி. எண்ணில் என்றால் இந்தச் சிக்கல் இல்லை.

சிறிய பாக்கிகளுக்கு வழக்கு என்பது சுண்டைக்காய் கால் பணம், சுமைகூலி முக்கால் பணம் என்ற கதை. ரூ.4,200-க்கு நீதிமன்றக் கட்டணம் தமிழ்நாட்டில் மூன்று சதவீதம், அதாவது ரூ.126. 2017-க்கு முன் ஏழரை சதவீதமாக இருந்தது. கட்டணம் சின்னது. வக்கீல் செலவும் சம்மன் சார்வாகாமல் (போய்ச் சேராமல்) ஓடும் வாய்தாக்களும்தான் பாக்கியை விழுங்கும். இவற்றையெல்லாம் ஒரே பட்டியலாக்கி, மாவட்ட அல்லது வட்ட சட்டப் பணிகள் குழுவில் வழக்குக்கு முந்தைய மனுக்களாகக் கொடுங்கள். கட்டணம் இல்லை. அடுத்த தேசிய மக்கள் நீதிமன்றத்துக்கு நோட்டீஸ் அவர்கள் வழியாகவே போகும். முத்திரை போட்ட உறையைப் பார்த்ததும் பலர் தேதிக்கு முன்பே கட்டிவிடுவார்கள். வராதவர்கள் மீது காலவரம்பு ஓடிக்கொண்டேதான் இருக்கும். மக்கள் நீதிமன்றத்தில் மனு கொடுத்ததால் அது நிற்காது.

பெட்டி விஷயத்தில் பாக்கியோடு கலக்காமல் தனியாக எழுதுங்கள். மாடல், சீரியல் எண், மேக் எண், பொருத்திய தேதி, வாடிக்கையாளர் கையெழுத்து எல்லாம் இருந்தால் அது உங்கள் சொத்து என்பதை மறுக்க முடியாது. இல்லாவிட்டால் 'நான் விலை கொடுத்து வாங்கினேன்' என்பார்கள். ஆள் அனுப்பி வீட்டுக்குள் புகுந்து கழற்றிக்கொண்டு வருவது வேண்டவே வேண்டாம். பாக்கிக்காரர் புகார்தாரராகவும் நீங்கள் எதிரியாகவும் மாறிவிடுவீர்கள்.

மருத்துவமனைக்கு வேறு வழி. நீங்கள் சேவை தொடங்குவதற்கு முன்பே மத்திய அரசின் உத்யம் பதிவு பெற்ற குறு, சிறு நிறுவனம் என்றால், எம்.எஸ்.எம்.இ. சட்டம் 2006-இன் கீழ் இத்தகைய நிலுவைகளை விசாரிக்கும் ஃபெசிலிடேஷன் கவுன்சிலுக்குப் போகலாம். ஒப்பந்தத்தில் என்ன இருந்தாலும் 45 நாளுக்கு மேல் தள்ளிப்போட முடியாது. தாமதத்துக்கு ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்தைப் போல மூன்று மடங்கு, மாதாந்திரக் கூட்டு வட்டி. இந்தக் கணக்கைப் போட்டு ஒரு கடிதம் அனுப்பினாலே கணக்குப் பிரிவு இறங்கி வருவதுண்டு. சேவை தொடங்கிய பிறகு பதிவு செய்தவர்களுக்கு இந்த வழி உறுதியில்லை.

கோர்ட்டுக்கே போவதானால் வழக்குக் கோப்பில் இருக்க வேண்டியவை: கையெழுத்திட்ட வாடிக்கையாளர் படிவம், பிளான் மாற்றம் கேட்டு அவர்கள் அனுப்பிய மெயில், ஒவ்வொரு மாத பில்லும் அது போய்ச் சேர்ந்ததற்கான சான்றும், லெட்ஜர், சேவை ஓடியதைக் காட்டும் பயன்பாட்டுப் பதிவு, நோட்டீஸும் ஒப்புகை அட்டையும். கம்ப்யூட்டரிலிருந்து எடுக்கும் லெட்ஜருக்கும் பதிவுக்கும் பாரதிய சாட்சிய சட்டம் 63-வது பிரிவுச் சான்றிதழ் வேண்டும். அதில் இரண்டு பகுதிகள். ஒன்றை உங்கள் தரப்பும் மற்றதை நிபுணரும் கையெழுத்திட வேண்டும், கோப்பின் ஹேஷ் மதிப்பும் (கோப்பு மாறவில்லை என்று காட்டும் எண்) குறிக்க வேண்டும். பழைய சாட்சியச் சட்டத்தின் 65-பி படிவத்தை நகலெடுத்து ஒட்டினால் போதாது. நிறைய சின்ன நிறுவனங்களின் வழக்கு தோற்பது, பாக்கி இல்லை என்பதால் அல்ல. அச்சடித்த காகிதத்தைத் தவிர எதுவும் ஏற்கப்படாததால்.

வழக்குப் போட்ட பின் வெளியிலேயே சமாதானமானால், கட்டிய நீதிமன்றக் கட்டணத்தைத் திரும்பக் கேளுங்கள். தானாகப் பேசி முடித்தாலும் திரும்பக் கிடைக்கும் என்று சென்னை உயர் நீதிமன்றம் எதிர் எம்.சி. சுப்பிரமணியம் வழக்கில் 2021-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பாக்கிக்காக நீங்கள் ஏற்கெனவே கட்டிய ஜி.எஸ்.டி. மட்டும் திரும்பாது. வராக்கடனுக்கு அந்தச் சட்டத்தில் சலுகை இல்லை.

கேள்வி: ஆட்டோபே கொடுத்திருந்தேன். கணக்கில் பணம் இல்லாமல் இரண்டு முறை திரும்பிவிட்டது. இதற்குக் கிரிமினல் வழக்கு போடுவோம் என்கிறார்களே? (வாசகி, திருப்பூர்)

வெறும் மிரட்டல் என்று தள்ளிவிட முடியாது. செக் திரும்பினால் மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138-வது பிரிவில் கிரிமினல் வழக்கு என்பது எல்லோருக்கும் தெரியும். மின்னணுப் பணப் பரிமாற்றம் பணமில்லாமல் திரும்பினாலும், பணம் செலுத்துதல் மற்றும் தீர்வு முறைகள் சட்டம் 2007-இன் 25-வது பிரிவு அதே போன்ற குற்றம் என்கிறது. இரண்டு வருடம் வரை சிறை அல்லது தொகையின் இரண்டு மடங்கு வரை அபராதம், அல்லது இரண்டும். நடைமுறையும் செக் வழக்கைப் போலத்தான். திரும்பிய தகவல் வந்த 30 நாளுக்குள் எழுத்தில் நோட்டீஸ், அது கிடைத்த 15 நாளுக்குள் கட்ட வாய்ப்பு. அந்தப் பதினைந்து நாளுக்குள் கட்டிவிட்டால் வழக்கே எழாது. எனவே அந்த நோட்டீஸ் கிடைத்த தேதியை உறையிலேயே குறித்துவையுங்கள். போனில் சொன்னது நோட்டீஸ் ஆகாது.

கேள்வி: வசூல் ஏஜென்ட் இரவு ஒன்பது மணிக்கு அழைக்கிறார், அலுவலகத்துக்கு வருவேன் என்கிறார். ரிசர்வ் வங்கி விதிப்படி இரவில் அழைக்கக் கூடாதே? (வாசகர், சென்னை)

அந்த விதி வங்கிகளுக்கும் கடன் தரும் நிதி நிறுவனங்களுக்கும். டெலிபோன் பில் வசூலுக்கு அது பொருந்தாது. இணையத்தில் சுற்றும் 'காலை 8 முதல் மாலை 7 வரை' என்ற வாசகத்தை ஏஜென்ட்டிடம் சொன்னால் சிரிப்பார். உங்களுக்கு வேறு ஆயுதம் இருக்கிறது. மிரட்டல் என்றால் பாரதிய நியாய சம்ஹிதா 351-வது பிரிவில் போலீஸ் புகார். கூடவே நிறுவனத்தின் மேல்முறையீட்டு அதிகாரிக்கு, தேதி, நேரம், எண் குறித்து எழுத்தில் புகார். ஏஜென்ட் செய்வதற்கு நிறுவனமும் பதில் சொல்ல வேண்டும்.

வெறுமனே பில் கட்டாதது குற்றமல்ல, சிவில் கடன். 'எஃப்.ஐ.ஆர். போட்டாச்சு', 'ட்ராயிலிருந்து பேசுகிறோம், ஒன்பதை அழுத்துங்கள்' என்று வரும் அழைப்புகள் மோசடி. ட்ராய் யாருக்கும் போன் செய்து எண்ணைத் துண்டிப்பதில்லை. தொலைத்தொடர்புத் துறையின் சஞ்சார் சாத்தி தளத்தில் 'சக்ஷு' பகுதியில் புகார் செய்யுங்கள். பணம் போயிருந்தால் உடனே சைபர் மோசடி உதவி எண் 1930. அதே தளத்தில் உங்கள் பெயரில் எத்தனை இணைப்புகள் ஓடுகின்றன என்றும் பார்க்கலாம். நீங்கள் வாங்காத சிம்முக்குத்தான் பாக்கி கேட்கிறார்கள் என்பது அங்கே தெரியவந்தால், 'என் எண் அல்ல' என்று பதிந்துவிட்டு, நிறுவனத்திடம் புகைப்படமும் கையெழுத்தும் உள்ள விண்ணப்பப் படிவத்தின் நகலைக் கேளுங்கள். இணைப்பு உங்களுடையது என்பதை நிரூபிக்க வேண்டியது அவர்கள்.

கேள்வி: அப்பா இறந்துவிட்டார். அவர் பெயரில் இருந்த லேண்ட்லைன் பாக்கியை நான் கட்ட வேண்டுமா? (வாசகி, நாகர்கோவில்)

அவர் விட்டுச்சென்ற சொத்து உங்கள் கைக்கு வந்த அளவுக்கு மட்டும். சொத்தே வரவில்லை என்றால் உங்கள் சம்பளத்திலிருந்து கட்ட வேண்டியதில்லை. ஆனால் அவர் இறந்த பிறகும் நீங்களே அந்த இணைப்பைப் பயன்படுத்தியிருந்தால், அந்த மாதங்களின் கட்டணத்துக்கு இந்தப் பாதுகாப்பைக் கேட்பது சரியாக இராது. இறப்புச் சான்றோடு இணைப்பை மூட அல்லது பெயர் மாற்ற உடனே எழுதுங்கள்.

கேள்வி: கணவர் பெயரில் உள்ள போன் பாக்கிக்காக, நான் ஒழுங்காகப் பணம் கட்டும் என் லேண்ட்லைனைத் துண்டிக்க முடியுமா? (வாசகி, வேலூர்)

இதற்கு நேரான தீர்ப்பு இருக்கிறது. சுர்ஜித் சிங் எதிர் எம்.டி.என்.எல். வழக்கில், மனைவி பெயரில் இருந்த பாக்கிக்காகக் கணவரின் போன்களைத் துண்டித்ததை 2008-இல் உச்ச நீதிமன்றம் சரி என்றது. இருவரும் ஒரே வீட்டில் சேர்ந்து வாழ்ந்தது அங்கே முக்கியமான விஷயம். பாக்கி வைத்துவிட்டு வீட்டிலுள்ள இன்னொருவர் பெயரில் பேசிக்கொண்டே போக விட்டால் விதிக்கே பொருளில்லை என்று பாக்கிக்காகப் போனைத் துண்டிக்க வழிசெய்யும் தந்தி விதிகளின் 443-வது விதியை நீதிமன்றம் விளக்கியது. எங்களைக் கேட்டால் அந்த விளக்கம் கொஞ்சம் தாராளமானது. ஆனாலும் தீர்ப்பு தீர்ப்புதான். தனியாக வாழ்பவர் என்றால், தனி முகவரிச் சான்றோடு ஆட்சேபியுங்கள். துண்டிப்பது வேறு, வசூலிப்பது வேறு என்பதையும் கவனியுங்கள். உங்கள் கணவரின் பாக்கிக்கு உங்கள் மீது பண வழக்குப் போட அந்தத் தீர்ப்பு வழி தரவில்லை.

கேள்வி: பழைய வாடகை வீட்டு முகவரிக்குச் சம்மன் போய், எனக்குத் தெரியாமலேயே ரூ.22,000-க்கு எக்ஸ்பார்ட்டி (ஒருதலை) தீர்ப்பு ஆகியிருக்கிறது. அமீனா வந்து ஜப்தி என்கிறார். ஜெயிலுக்கும் போக நேரிடுமா? (வாசகர், சேலம்)

இன்றே அந்த வழக்கு எண்ணை வாங்கிக்கொண்டு வக்கீலைப் பாருங்கள். சம்மன் முறையாகச் சார்வாகவில்லை என்றால், தீர்ப்பு பற்றித் தெரிந்த நாளிலிருந்து 30 நாளுக்குள் அதை ரத்து செய்ய மனு போடலாம். அமீனா வந்த நாள்தான் உங்களுக்குத் தெரிந்த நாள் என்று சொல்வீர்கள். வீடு மாறிய தேதிக்கு வாடகை ஒப்பந்தம், கேஸ் இணைப்பு மாற்றம், ஆதார் முகவரி மாற்றம் ஆகியவை சான்று. அந்த மனுவோடு ஜப்திக்குத் தடையும் கேளுங்கள். ஒரு பகுதித் தொகையை டெபாசிட் கட்டச் சொல்லித் தடை தருவது வழக்கம், கையில் கொஞ்சம் பணம் வைத்துக்கொள்ளுங்கள்.

எதை எடுக்கலாம், எதை எடுக்கக் கூடாது என்பதை உரிமையியல் நடைமுறைச் சட்டம் 60-வது பிரிவு சொல்கிறது. உடுதுணி, சமையல் பாத்திரம், படுக்கை, தொழிலாளியின் கருவிகள், பி.எஃப். பணம் ஆகியவற்றைத் தொடக் கூடாது. டி.வி., பைக் ஆகியவற்றை எடுக்கலாம். சம்பளத்தில் முதல் ஆயிரம் ரூபாயும் மீதியில் மூன்றில் இரண்டு பங்கும் உங்களுக்கு. மாதம் ரூ.31,000 என்றால் ரூ.10,000 வரை பிடிக்கலாம். ஒரே தீர்ப்பாணைக்காக 24 மாதம் பிடித்துவிட்டால் அதற்கு மேல் அந்தத் தீர்ப்பாணைக்குப் பிடிக்க முடியாது.

ஜெயில்: கட்ட வசதி இருந்தும் கட்ட மறுக்கிறார் என்று நிறுவனம் நிரூபித்தால்தான். ஏழ்மைக்காக யாரையும் சிவில் சிறையில் அடைக்கக் கூடாது என்று ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் வழக்கில் 1980-லேயே உச்ச நீதிமன்றம் தீர்த்தது. தீர்ப்பாணைத் தொகை ரூ.2,000 வரை என்றால் சிறையே கிடையாது. ரூ.5,000 வரை அதிகபட்சம் ஆறு வாரம், அதற்கு மேல் மூன்று மாதம். பெண்களைப் பணத் தீர்ப்பாணைக்காகக் கைது செய்ய முடியாது. உள்ளே இருக்கும் நாட்களுக்கான சாப்பாட்டுப் படியையும் நிறுவனம்தான் கட்ட வேண்டும். சிறைக்குப் போய் வந்தாலும் கடன் தீராது.

ஒருவேளை மனு தோற்றாலும் தவணை கேட்கலாம். நிறுவனம் இந்தத் தீர்ப்பாணையை 12 வருடம் வரை நிறைவேற்றலாம் என்பதால், இன்று தப்பித்து ஊர் மாறிப்போவதில் பயனில்லை. புதிய முகவரியை நீதிமன்றத்தில் கொடுத்துவிடுங்கள்.